மலையில் யார் முதலாளி?

போன மாதம் ஒரு வாசகர் போன் செய்தார். வேளச்சேரிக்காரர். குரலை வைத்துப் பார்த்தால் வயது நாற்பத்தைந்து இருக்கலாம்.

"சார், நாங்க நாலு ஃப்ரெண்ட்ஸ். அக்டோபர்ல நேபாளத்துக்கு டிரெக்கிங். எவரெஸ்ட் பக்கமெல்லாம் தி.நகர் மாதிரி கூட்டமாம். அதான், அமைதியான பள்ளத்தாக்கா பார்த்து மனாஸ்லு பக்கம் போகலாம்னு இருக்கோம். நீங்க போயிட்டு வந்திருக்கீங்களாமே... எத்தனை நாள் லீவு போடணும்?"

"வீட்டை விட்டுக் கிளம்பி வீடு வந்து சேர பதினெட்டு நாள்."

மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், "பன்னிரண்டு நாள்ல முடிச்சுத் தர்றேன்னு காட்மாண்டுல ஒரு ஏஜென்ட் சொல்றாரே சார்!"

முடித்துத் தருவார்தான். எங்களுக்கும் முடித்துத் தந்தார்கள். அதில் இன்னொரு கதையும் முடிந்துபோயிருக்கும். மயிரிழையில் தப்பித்தது.

அந்த ஆறு நாள் வித்தியாசத்தைப் பற்றித்தான் இந்த வாரம் பேசப்போகிறேன். 'எனக்கு மாடிப்படி ஏறினாலே மூச்சு வாங்குது, மலை எதுக்கு?' என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். நம்மைவிட விஷயம் தெரிந்த ஒருவருக்குக் காசு கொடுத்து, 'வழி காட்டுப்பா' என்று கூட்டிப் போகிற எல்லோருக்கும் இது பொருந்தும்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். மனாஸ்லு உலகின் எட்டாவது உயரமான சிகரம். 8,163 மீட்டர். சிகரத்தில் நாம் ஏறப்போவதில்லை, பயப்படாதீர்கள். அதைச் சுற்றி ஒரு நடைபாதை இருக்கிறது. புடி கண்டகி என்கிற ஆற்றின் ஓரமாக, கிட்டத்தட்ட நம் ஏற்காட்டைவிடத் தாழ்வான இடத்தில் தொடங்கி, ஆறு வரும் திசையிலேயே ஏறிக்கொண்டே போகவேண்டும். ஜகத், டெங், நம்ருங், சாமாகாவ், சம்டோ என்று ஊர்கள். போகப்போக நெல் வயல் மறைந்து பார்லி வரும். கோயில் மறைந்து புத்த மடாலயம் வரும். கடைசியில் லார்க்யா லா. 'லா' என்றால் கணவாய். உயரம் 5,106 மீட்டர். அதைக் கடந்து மறுபக்கம் பிம்தாங்கில் இறங்கினால் சுற்று ஏறக்குறைய முடிந்தது.

இந்தப் பக்கம் வெளிநாட்டவரை நடக்கவிட்டதே 1991ல்தான். கிளையாகப் பிரிந்து போகும் சும் பள்ளத்தாக்குக்கு 2008ல்தான் அனுமதி கிடைத்தது. இன்றைக்கும் தனி பர்மிட் வேண்டும். பதிவு பெற்ற வழிகாட்டி இல்லாமல் உள்ளே விடமாட்டார்கள். அதனால்தான் கூட்டம் குறைவு. அதனால்தான் அமைதி.

இந்த அமைதிக்கு ஒரு விலை உண்டு. கூட்டம் இல்லாத இடம் என்றால், தடுக்கி விழுந்தால் தூக்கிவிடவும் ஆள் இல்லாத இடம். டாக்டர் இல்லை. பல இடங்களில் போன் எடுக்காது. ஒரு விடுதி நிரம்பிவிட்டால் அடுத்த விடுதிக்கு மூன்று மணி நேரம் நடக்கவேண்டும். அங்கே உங்களுக்கு இருக்கும் ஒரே பாதுகாப்பு, கூட வரும் வழிகாட்டியின் வாய். 'வேண்டாம், திரும்பிடலாம்' என்று அவர் சொல்லவேண்டிய நேரத்தில் சொல்லவேண்டும். நீங்கள் கேட்கவேண்டும்.

எங்கள் கதை 2017 அக்டோபரில் நடந்தது. நாங்களும் நாலு பேர். வங்கியில் வேலை பார்க்கும் நண்பர் ஒருவர், பல் டாக்டர் ஒருவர், அவருடைய தம்பி, நான். திட்டம் போட்டது என் வீட்டு டைனிங் டேபிளில். முதலில் பதினாறு நாள் போட்டிருந்தோம். வங்கி நண்பருக்கு லீவு கிடைக்கவில்லை. டாக்டர் வீட்டில் வளைகாப்பு. பேனாவை எடுத்தோம். 'இங்கே ஓய்வு நாள் எதுக்கு? சும்மாதானே உட்காரப்போறோம்?' என்று ஒன்றை அடித்தோம். 'ரிசர்வ் நாள்னு ஒண்ணு இருக்கே, அது எதுக்கு?' அதையும் அடித்தோம். லோ என்கிற ஊரில் ஓர் இரவு தங்கல் இருந்தது. அதுவும் போயிற்று. பதின்மூன்று நாள்.

காட்மாண்டுக்கு மெயில் அனுப்பினோம். ஒரே வரியில் பதில் வந்தது. 'பாசிபிள் சார்.'

அன்றைக்கு அந்த வார்த்தை எங்களுக்கு எவ்வளவு இனித்தது!

அந்த மூன்று நாளை அடித்ததில் என்ன தவறு என்று கேட்பீர்கள். மலை மருத்துவத்தில் எல்லோரும் ஒப்புக்கொள்ளும் ஒரு கணக்கு இருக்கிறது. 3,000 மீட்டருக்கு மேலே போய்விட்டால், இன்றைக்குத் தூங்கும் இடம் நேற்றுத் தூங்கிய இடத்தைவிட 500 மீட்டருக்கு மேல் உயரமாக இருக்கக்கூடாது. மூன்று நாலு நாளுக்கு ஒருமுறை ஏறாமல் ஒரு நாள் இருக்கவேண்டும். சோம்பலுக்காக அல்ல. லார்க்யா லா உயரத்தில் காற்றின் அழுத்தம் நம் மெரினாவில் இருப்பதில் பாதிக்குக் கொஞ்சம்தான் அதிகம். ஒரு மூச்சில் கிடைக்கும் ஆக்ஸிஜனும் அந்த அளவுக்குக் குறைந்துவிடும். உடம்பு அதற்குப் பழக நாள் வேண்டும். பழகாவிட்டால் முதலில் தலைவலி, குமட்டல். அதையும் மீறி ஏறினால் நுரையீரலிலோ மூளையிலோ நீர் கோத்துக்கொள்ளும். அப்புறம் மணிக்கணக்குதான். நிச்சயமான மருந்து ஒன்றே ஒன்று, கீழே இறங்குவது. தினமும் பத்து கிலோமீட்டர் ஓடுகிறவரையும் இது விடாது. நோஞ்சானை ஒன்றும் செய்யாமலும் போகலாம்.

இப்போது எங்கள் பேனாவைப் பாருங்கள். நம்ருங் சுமார் 2,630 மீட்டர். சாமாகாவ் 3,500க்கு மேல். நடுவில் லோவில் தங்கவேண்டிய இரவை அடித்ததால் ஒரே நாளில் 900 மீட்டர். டைனிங் டேபிளில் உட்கார்ந்து ஏசி காற்றில் செய்த வேலை.

எங்கள் வழிகாட்டிக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். இருபது வருட அனுபவம். எல்லோரும் அவரை 'தாய்' என்று கூப்பிட்டார்கள். எங்களுக்கு முதலில் தூக்கிவாரிப் போட்டது. நேபாளியில் 'தாய்' என்றால் அண்ணன். (தம்பிக்கு 'பாய்'.) யோசித்துப் பார்த்தால் தமிழ் அர்த்தமும் அவருக்குப் பொருந்தியது. யார் சாப்பிட்டார்கள், யார் சாப்பிடவில்லை, யார் ராத்திரி இருமினார்கள் என்பது அத்தனையும் அவருக்குத் தெரியும்.

சுமை தூக்க இரண்டு பேர். ஆளுக்கு இரண்டு மூட்டை. நெற்றியில் 'நாம்லோ' என்கிற பட்டையைப் போட்டு, மொத்த எடையையும் தலையால் இழுத்துக்கொண்டு நடப்பார்கள். மூத்தவருக்கு முப்பது வயது. இளையவனுக்குப் பத்தொன்பது. கோர்க்கா மாவட்டத்தின் கீழ்ப்பகுதி கிராமம். 2015 பூகம்பத்தின் மையமே அந்த மாவட்டம்தான். பையனுடைய வீடு விழுந்து, கடன் வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தார்கள். இதை அவன் எங்களிடம் சொல்லவில்லை. அண்ணன்காரர் சொன்னார்.

இந்த இடத்தில் நம்மில் பலருக்கு இருக்கும் ஒரு தப்பான எண்ணத்தைச் சொல்லவேண்டும். நேபாளி என்றாலே ஷெர்பா, ஷெர்பா என்றாலே இரும்பு. அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஷெர்பாக்கள் உயர்ந்த மலையிலேயே தலைமுறை தலைமுறையாக வாழும் ஒரு தனி இனம். சுமை தூக்க வருகிறவர்களில் பெரும்பாலோர் அவர்கள் இல்லை. நடு மலையிலிருந்தும் கீழே இருந்தும் வயிற்றுப்பாட்டுக்கு வருகிறவர்கள். 4,000 மீட்டர் உயரம் உங்களுக்கும் எனக்கும் எவ்வளவு புதிதோ, அவ்வளவு புதிது அந்தப் பையனுக்கும். வித்தியாசம், என் முதுகில் தண்ணீர் பாட்டிலும் கேமராவும். அவன் முதுகில் நானும் டாக்டரும் கட்டிய இரண்டு மூட்டை. என் மூட்டையில் மூன்று புத்தகம் வேறு. ஒன்றைக்கூடப் பிரிக்கவில்லை.

சாமாகாவில் ஒரு நாள் நின்றிருக்கவேண்டும். நிற்கவில்லை. காலையில் கிளம்பும்போது, மடாலயத்தைக் காட்டி வழிகாட்டி ஒரு பழைய கதை சொன்னார். 1953ல் ஜப்பானியர்கள் மனாஸ்லுவில் ஏற வந்தார்கள். பாதியில் திரும்பிவிட்டார்கள். அதன் பிறகு ஒரு பனிச்சரிவு வந்து மடாலயத்தை அடித்துக்கொண்டு போய் ஆட்கள் இறந்தார்கள். மலைத் தெய்வத்தைச் சீண்டியதால்தான் என்று ஊரார் நம்பினார்கள். மறு வருடம் 1954ல் ஜப்பானியர்கள் திரும்ப வந்தபோது ஊரே திரண்டு வழியை மறித்தது. 'போகக் கூடாது.' அத்தனை சாமான், அத்தனை பணம், அத்தனை வருடத் தயாரிப்பு... எல்லாவற்றோடும் அவர்கள் வேறு மலைக்குப் போனார்கள். 1956ல் மறுபடி வந்துதான், மே 9ஆம் தேதி, தோஷியோ இமானிஷியும் கியால்சென் நோர்புவும் சிகரத்தைத் தொட்டார்கள்.

"நல்ல கதை" என்று சொல்லிவிட்டு நடந்தோம். அவர் ஏன் அந்தக் கதையை அன்றைக்குச் சொன்னார் என்று நான் யோசித்தது ஊருக்குத் திரும்பி வந்த பிறகு.

சம்டோவில் பையன் சாப்பிடவில்லை. மறுநாள் தரம்சாலாவுக்கு ஏறினோம். தலாய் லாமா இருக்கும் ஊர் இல்லை, கணவாய்க்கு அடிவாரத்தில் சுமார் 4,460 மீட்டரில் சில கல் குடிசைகளும் கூடாரங்களும். பையன் எல்லோருக்கும் பின்னால், எங்களுக்கு ஒரு மணி நேரம் கழித்து வந்தான். வந்ததும் மூட்டையை இறக்கிவிட்டு வாந்தி எடுத்தான். நடக்கச் சொன்னார் வழிகாட்டி. கால் கொஞ்சம் தள்ளாடியது. "எப்படி இருக்கு?" என்றதற்கு, "டீக் ச்ச" என்றான். 'நல்லா இருக்கேன்' என்று அர்த்தம். தலைவலி மூன்று நாளாக இருந்திருக்கிறது. சொன்னால் பாதியிலேயே கணக்கு முடித்து அனுப்பிவிடுவார்கள் என்ற பயத்தில் சொல்லவில்லை. வீட்டுக் கடன் இருக்கிறதே!

அப்போது வழிகாட்டி எங்களிடம் வந்தார். கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"என்ன பண்ணலாம் சார்?"

கவனித்தீர்களா? இருபது வருடம் அந்த மலையில் நடந்தவர், முதல்முறையாக அங்கே வந்திருக்கும் ஒரு வங்கி அதிகாரியிடமும் பல் டாக்டரிடமும் பத்திரிகையில் எழுதுகிறவனிடமும் அனுமதி கேட்கிறார். எல்லோருமாக இறங்கிவிடவேண்டும் என்பது அவருக்குத் தெரியும். அதைச் சொல்லும் உரிமை தனக்கு இல்லை என்று நினைத்தார். அப்படி நினைக்கவைத்தது யார்?

எங்களிடம் ஒரு நாள்கூட மிச்சமில்லை. இறங்கினால் கணவாய் போச்சு, விமானம் போச்சு, வளைகாப்பும் போச்சு. அரை மணி நேரம் பேசினோம். பேசினோம் என்று சொல்வதே தப்பு. ஆளுக்கு ஆள் மற்றவர் முகத்தைப் பார்த்தோம். கடைசியில் ஒரு 'நல்ல' முடிவு எடுத்தோம். பையனுக்கு முழுச் சம்பளம். மேலே ஐயாயிரம் ரூபாய். டாக்டர் இரண்டு டயமாக்ஸ் மாத்திரை கொடுத்தார். அவன் கீழே போகட்டும், அவன் சுமையை மற்றவர்கள் பங்கிட்டுக்கொள்ளட்டும்.

தனியாக. மாலை மூன்றரை மணிக்கு. கால் தள்ளாடும் பத்தொன்பது வயதுப் பையனை.

எவ்வளவு பெருந்தன்மை எங்களுக்கு என்று அன்று ராத்திரி தூங்கும் பையில் படுத்துக்கொண்டு நான் நிஜமாகவே நினைத்தேன். ஐயாயிரம் ரூபாய்!

விடியற்காலை நாலு மணிக்குக் கிளம்பி ஒன்பதரைக்கு லார்க்யா லா. கொடிகள் படபடக்க, நாலு பேரும் சிரித்துக்கொண்டு நிற்கும் போட்டோ இருக்கிறது. அதில் வழிகாட்டியும் இருக்கிறார். சிரிக்கவில்லை. அன்று முழுக்க, மறுநாள் முழுக்க பையனைப் பற்றித் தகவல் இல்லை. மூன்றாம் நாள் போன் எடுக்கும் ஊருக்கு வந்ததும் அவர் முதலில் செய்தது, சாமாகாவில் தெரிந்த விடுதிக்குப் பேசியது. பையன் அங்கேதான் இருந்தான். வழியில் உட்கார்ந்துவிட்டவனை, யாக் மாடு ஓட்டிக்கொண்டு இறங்கிய ஒருவர் பார்த்து, சம்டோவுக்குக் கூட்டிப்போய், மறுநாள் சாமாகாவுக்கு அனுப்பியிருக்கிறார். இப்போது சாப்பிடுகிறானாம். நன்றாக இருக்கிறானாம்.

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று என்றார் வங்கி நண்பர்.

யாருடைய தலை?

1976ல் பெர்னார்ட் வில்லியம்ஸ், தாமஸ் நேகல் என்று இரண்டு தத்துவ அறிஞர்கள் இதைப் பற்றி விவாதித்தார்கள். ஒரே கவனக்குறைவோடு இரண்டு பேர் லாரி ஓட்டுகிறார்கள். ஒருவன் குறுக்கே குழந்தை ஓடி வருகிறது. இன்னொருவன் குறுக்கே யாரும் வரவில்லை. செய்த தப்பு ஒன்றுதான். முதலாமவனைக் கொலைகாரன் என்கிறோம், இரண்டாமவன் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுத் தூங்குகிறான். நியாயத்தில் அதிர்ஷ்டத்துக்கு இவ்வளவு இடம் இருக்கலாமா என்பது அவர்கள் கேள்வி. விடை எனக்குத் தெரியாது. நான் இரண்டாவது லாரி டிரைவர் என்பது மட்டும் தெரியும். யாக் ஓட்டி வந்தவர் வேறு வழியில் போயிருந்தால் இந்தக் கட்டுரையை வேறு மாதிரி எழுதியிருப்பேன். ஒருவேளை எழுதியே இருக்கமாட்டேன்.

வழிகாட்டி மேல் கோபப்படலாமா? 'நீ ஏன்யா கண்டிப்பா சொல்லலை?' என்று டாக்டரின் தம்பி ஒருமுறை கேட்டார். காட்மாண்டுவில், கடைசி நாள், டிப்ஸ் கொடுக்கும்போது. அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு வருடத்தில் சம்பாத்தியம் இரண்டு சீசன், இலையுதிர் காலமும் வசந்தமும். 'கணவாய் தாண்டவிடாமல் திருப்பிக் கூட்டி வந்துவிட்டார்' என்று நாங்கள் ஏஜென்ட்டிடம் ஒரு வார்த்தை சொன்னால் அடுத்த குழு அவருக்குக் கிடைக்குமா? அவர் 'முடியாது' என்று சொன்னால் பிழைப்பு போகும். நாங்கள் சொன்னால் போவது மூன்று நாள் லீவு. அந்தக் கனமான வார்த்தையை யார் தூக்கியிருக்கவேண்டும்? இதையும் அவர் தலையில்தான் ஏற்றியிருந்தோம். நாம்லோ இல்லாமல்.

பிளேட்டோ சுமார் 2,400 வருடத்துக்கு முன்பே ஒரு கப்பல் கதை சொல்லியிருக்கிறார். கப்பல் முதலாளிக்குப் பலம் உண்டு, கடல் ஞானம் இல்லை, காதும் மந்தம். மாலுமிகள் ஆளாளுக்கு 'நான்தான் ஓட்டுவேன்' என்று சண்டை போடுகிறார்கள். நட்சத்திரமும் காற்றும் தெரிந்த ஒருவன் மட்டும் ஓரமாக நிற்கிறான், அவனை 'வானத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கிற பயல்' என்கிறார்கள். 'என் சொல்படி நடங்கள்' என்று அவன் போய் மற்றவர்களைக் கெஞ்சுவது இயல்பு அல்ல என்கிறார் பிளேட்டோ. நோயாளிதான் வைத்தியர் வாசலுக்குப் போகவேண்டும். தரம்சாலாவில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாரே, அது எப்போதெல்லாம் ஞாபகம் வருகிறதோ அப்போதெல்லாம் இதுவும் ஞாபகம் வரும்.

இது சின்ன ஊர் வழிகாட்டிகளுக்கு மட்டும் வரும் சங்கடம் என்று நினைத்தால், 1996 மே 10, எவரெஸ்ட். ராப் ஹால், நியூசிலாந்துக்காரர், அன்றைய தேதிக்கு உலகின் சிறந்த வழிகாட்டிகளில் ஒருவர். பிற்பகல் ஒன்று அல்லது இரண்டு மணிக்குள் எங்கே இருந்தாலும் திரும்பிவிடவேண்டும் என்ற பேச்சு குழுவில் இருந்தது. அவருடைய வாடிக்கையாளர் டக் ஹான்சன், தபால் இலாகா ஊழியர். முந்தைய வருடம் சிகரத்துக்குப் பக்கத்தில் வந்தவரை ஹாலே திருப்பி அனுப்பியிருந்தார். இந்த வருடமும் திருப்பி அனுப்ப மனம் வரவில்லையோ என்னவோ, நாலு மணிக்கு மேல் ஹான்சன் சிகரத்துக்கு வரும்வரை காத்திருந்தார். புயல் பிடித்துக்கொண்டது. இரண்டு பேருமே திரும்பவில்லை. அந்த இரண்டு நாளில் எவரெஸ்ட்டில் மொத்தம் எட்டு பேர் இறந்தார்கள். 1995ல் 'முடியாது' என்று சொல்ல முடிந்த அதே மனிதரால் 1996ல் சொல்ல முடியவில்லை.

ஆகவே மலையில் நிற்கும்போது நல்லவனாக இருக்கத் தீர்மானிப்பது ரொம்ப லேட். மூச்சு திணறும், மூளை மந்தமாகும், விமான டிக்கெட் பாக்கெட்டில் குத்தும். நல்லவனாக இருக்கவேண்டிய இடம் டைனிங் டேபிள். பேனாவைக் கையில் எடுக்கும் அந்த நேரம். மிச்சமாக இரண்டு நாள் இருந்திருந்தால் தரம்சாலாவில் அந்த அரை மணி நேரப் பேச்சே தேவைப்பட்டிருக்காது. எல்லோரும் இறங்கியிருப்போம், டீ குடித்திருப்போம், அவன் தேறியதும் ஏறியிருப்போம், இல்லாவிட்டால் திரும்பியிருப்போம். யாரும் தியாகி ஆகியிருக்கவேண்டாம்.

இதையெல்லாம் அந்த வேளச்சேரி வாசகரிடம் முழுதாகச் சொல்லவில்லை. கொஞ்சம் சொன்னேன். அவர், "ரிசர்வ் நாள் போட்டா செலவு ஏறுமே சார்?" என்றார். ஏறும். விடுதி, சாப்பாடு, சம்பளம் எல்லாமே. அந்த நாள் வீணாகவும் போகலாம். ஆனால் 2014ல் விசாகப்பட்டினத்தைப் புரட்டிப்போட்ட ஹூட்ஹூட் புயல் ஞாபகம் இருக்கிறதா? நம்ம வங்காள விரிகுடாவில் கிளம்பியதுதான். அதன் மிச்சம் அக்டோபர் 14ஆம் தேதி நேபாளத்தில் அன்னபூர்ணா பக்கம் பனியாகக் கொட்டியது. தோராங் லா கணவாயிலும் சுற்றுப்புறத்திலும் நாற்பதுக்கு மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதில் வழிகாட்டிகள், சுமை தூக்கிகள், யாக் மேய்ப்பவர்களும் உண்டு. ஒரு நாள் சும்மா உட்கார முடிந்தவர்களுக்கும் முடியாதவர்களுக்கும் அன்றைக்கு என்ன வித்தியாசம் என்று யோசித்துப் பாருங்கள்.

அவர் கேட்டுக்கொண்டதால் ஏஜென்ட்டிடம் கேட்கவேண்டிய சில விஷயங்களை எழுதி அனுப்பினேன். ஒருவர் எவ்வளவு தூக்குவார்? (நேபாளத்தில் முப்பது கிலோ உச்சவரம்பு என்கிறது 1997ல் தொடங்கிய சுமைதூக்கிகள் பாதுகாப்புக் குழு ஒன்று.) அவருக்குக் கோட்டும் பூட்ஸும் இருக்கிறதா, ராத்திரி எங்கே படுப்பார்? நமக்கு ஹெலிகாப்டர் இன்ஷூரன்ஸ் எடுக்கிறோமே, அவருக்கு என்ன இருக்கிறது? 2017ல் இதைக் கேட்கவேண்டும் என்றே எங்களுக்குத் தோன்றவில்லை. உடம்பு முடியாமல் போனால் அவரைத் தனியாக இறக்கமாட்டீர்களே? பாதியில் இறங்கினாலும் முழுச் சம்பளம் என்பதை முதல் நாளே, அவர் முன்னாலேயே, அவர் பாஷையிலேயே சொல்லிவிடுவீர்களா? அப்போதுதான் தலைவலியை மறைக்கமாட்டார். கடைசியாக ஒன்று. ஏஜென்ட்டிடம் பேசினால் போதாது, கூட வரப்போகும் வழிகாட்டியிடமே பேசவேண்டும். பேசி, 'எங்க திட்டத்துல எது உங்களுக்குப் பிடிக்கலை?' என்று கேட்கவேண்டும். 'முடியுமா?' என்று கேட்கக்கூடாது. முடியுமா என்று கேட்டால் 'பாசிபிள் சார்'தான் வரும்.

நேற்று அந்த வாசகர் மறுபடி பேசினார். குரலில் உற்சாகம் இல்லை.

"பேசினேன் சார். வழிகாட்டி முதல்ல எதுவும் சொல்லலை. நீங்க சொன்ன மாதிரி கேட்டேன். 'எது பிடிக்கலை'ன்னு. கொஞ்ச நேரம் சும்மா இருந்தாரு. அப்புறம், உங்க நாலு பேர்ல ஒருத்தருக்கு பி.பி. இருக்கு, ஒருத்தருக்கு முழங்கால் ஆபரேஷன் ஆகியிருக்கு, யாரும் இதுக்கு முன்னாடி 3,000 மீட்டர் தாண்டினதில்லை, கணவாயே வேணாம்னுட்டாரு. சும் பள்ளத்தாக்குக்குப் போயிட்டு வந்த வழியே திரும்பிடலாங்கறாரு. அங்கே மூ கோம்பான்னு ஒரு மடம், 3,700தானாம். மிருகங்களைக் கொல்லக் கூடாதுன்னு ஊர்க் கட்டுப்பாடாம். ரொம்ப அமைதியா இருக்குமாம்."

"நல்லதாப் போச்சே!"

"எங்க சார் நல்லதாப் போச்சு? பசங்க ஒத்துக்க மாட்டேங்கறாங்க. இவ்வளவு தூரம் போய் கணவாய் தாண்டாம வந்தா ஆபீஸ்ல என்ன சொல்றதுங்கறான் ஒருத்தன். பேசாம இன்னொரு ஏஜென்ட் பார்க்கலாம்ங்கறான். அந்தப் பன்னிரண்டு நாள்காரர் தினமும் மெசேஜ் அனுப்பறாரு."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"நான் ஒண்ணும் சொல்லலை சார். மூணு பேர் அந்தப் பக்கம், நான் ஒருத்தன்."

ஞாயிற்றுக்கிழமை அவர் வீட்டில் நாலு பேரும் கூடுகிறார்களாம்.